செட்டையைப் பார்த்து மீன் வாங்குவோம்

வயலையும் மாட்டையும் விட்டு வந்த குடும்பங்கள், அலங்கார மீன் வளர்க்கலாமா என்று எம்மிடம் கேட்பதுண்டு. இரண்டு சீமெந்துத் தொட்டியும் நல்ல கிணற்று நீரும் இருந்தால் வளர்க்கலாம். ஆனால் கைமுதல் முதல் நாளே போய்விடவும் கூடும். அழகைப் பார்த்து வாங்கியவை எல்லாம் ஆணாகவே இருந்துவிட்டால் குஞ்சு எங்கிருந்து வரும்? பேட்டையும் சேவலையும் பிரித்தறிய எமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. மீனில் அதற்குச் செட்டைகளைப் பார்த்துப் பழக வேண்டும்.

கப்பியில் தொடங்குவோம். வால் அகன்று நிறம் மின்னுவது ஆண். மயிலைப் போல இங்கும் அலங்காரம் ஆணுக்கே! எனினும் நிறம் முற்றுமுன்னரே ஆணைக் கண்டுபிடிக்கலாம். வயிற்றுக்குப் பின்னால், அடிப்பக்கத்தில் உள்ள குதச்செட்டையைப் பாருங்கள். பெண்ணுக்கு அது விசிறி போல விரிந்திருக்கும். ஆணுக்கு ஒடுங்கி நீண்டு ஈர்க்குப் போலாகும். ஆண் விந்தைச் செலுத்துவது அதனாலேயே. ஒருமுறை சேர்ந்த பெண் அவ்விந்தை உடலில் சேமித்து வைத்து, ஆண் இல்லாமலே பல மாதங்களுக்கு ஏறக்குறைய மாதமொரு தடவை குஞ்சு ஈனும். ஆகவே வேறு வர்க்க ஆணோடு ஒருநாள் இருந்தாலும் போதும், கலப்புக் குஞ்சுகள் தொடர்ந்து வந்துகொண்டிருக்கும்; அவற்றுக்கு நல்ல விலை கிடையாது. மூன்று வாரம் முதல் குஞ்சுகளை வெள்ளைக் கோப்பையில் எடுத்துப் பாருங்கள். செட்டை ஒடுங்கத் தொடங்கியவற்றை உடனே வேறு தொட்டிக்கு மாற்றுங்கள்.

வாள்வால் மீனுக்கும் இதே கணக்குத்தான். வாலின் கீழ்ப்பகுதி வாளாக நீளும்வரை காத்திருப்பது பிழை. குதச்செட்டை அதற்கு முன்னரே மாறிவிடும்.

நீலக் குராமி முட்டையிடும் மீன். அதற்கு முதுகுச் செட்டையே அடையாளம்: ஆணுக்கு நீண்டு கூராகவும், பெண்ணுக்குக் குட்டையாய் வட்டமாகவும் இருக்கும். பைற்றர் ஆணின் செட்டைகள் சேலைத் தலைப்புப் போல விரியும். இரண்டு ஆண்களை ஒன்றாய் விட்டால் ஒன்றின் செட்டையை மற்றது கிழித்துவிடும், கிழிந்ததை வாங்குவாரில்லை. ஒவ்வொன்றையும் தனித்தனிப் போத்தலில் விடுங்கள்.

ஏஞ்சல் மீனோ கெட்டிக்காரரையும் ஏமாற்றும். நீண்ட செட்டை ஆணுக்கும் உண்டு, பெண்ணுக்கும் உண்டு. சோடி என்று சொல்லி இரண்டை நீட்டுபவரை நம்பாமல், ஆறு குஞ்சுகளை வாங்கி ஒன்றாய் வளருங்கள். வளர்ந்தபின் தாமே சோடி சேரும்.

எந்த மீனானாலும் செட்டையை விரித்து நீந்துவதையே எடுங்கள். செட்டையை உடலோடு ஒடுக்கி வைத்திருப்பதும், ஓரம் வெளுத்துப் பிய்ந்திருப்பதும் நோயின் அடையாளம். தொட்டியில் அப்படி ஒன்று கிடந்தாலும், அந்தத் தொட்டியில் எதையும் வாங்க வேண்டாம்.