ஓடி ஒளிந்த ஆடவன்

ஆடவன் பெண்ணை நாடிச் செல்வதும், அவள் நாணி ஒதுங்குவதும் காதற்கதைகளின் வழக்கம். பெர்னார்ட் ஷா 1903-ம் ஆண்டில் வெளியிட்ட 'மனிதனும் அதிமானிடனும்' என்னும் ஆங்கில நகைச்சுவை நாடகம் இவ்வழக்கைத் தலைகீழாக்குகின்றது. இதில் ஓடி ஒளிபவன் ஆடவன். தொடர்ந்து சென்று பிடிப்பவள் பெண்.

ஆன் என்னும் நங்கையின் தந்தை இறக்கும்போது, ராம்ஸ்டன் என்ற முதியவரையும் ஜாக் டானர் என்ற இளைஞனையும் அவளுக்குப் பாதுகாவலராக உயிலில் நியமித்துச் செல்கின்றார். டானர் புரட்சி நூலொன்றை இயற்றியவன். பெண்களின் சூழ்ச்சியைப் பற்றிப் பிறர்க்கு ஓயாது உபதேசிப்பவன். ஆன் தன் நண்பன் ஆக்டேவியஸைக் கவர முயல்வதாகக் கருதி அவனை எச்சரிக்கின்றான். ஆனால் அவள் உள்ளத்திலிருப்பவன் டானரே. இதனை அவனுக்கு உணர்த்துபவன், அவனுடைய மோட்டார் ஓட்டியாகிய ஸ்ட்ரேக்கர்! நூல் பல கற்றவன் காணாததை ஊழியன் கண்டுகொண்டான்.

அக்கணமே டானர் மோட்டாரிலேறி ஓட்டமெடுக்கின்றான். இங்கிலாந்தை விட்டவன் ஸ்பெயின் தேசத்துச் சியரா நெவாடா மலையிற் கள்வர் கையில் அகப்படுகின்றான். கள்வர் தலைவனோ தன்னை மறுத்த ஒரு பெண்ணை எண்ணி உருகுபவன். அவள் ஸ்ட்ரேக்கரின் சகோதரியே என்பது பின்னர் வெளியாகின்றது. ஆங்கும் மறைவிடமில்லை. பொழுது விடிந்ததும் ஆன் தன் நண்பர்களுடன் வந்து சேருகின்றாள். முடிவில், கிரானடா நகரில், டானர் மணத்திற்கு இசைகின்றான். அவனைப் பாதுகாவலனாக்குமாறு தந்தையிடம் கூறியவளும் அவளே என்பது அப்பொழுதே அவனுக்குத் தெரிய வருகின்றது.

ஆணையும் பெண்ணையும் இயக்குவது ஜீவசக்தி என்பது ஷாவின் கொள்கை. அக்கொள்கையை ஏலாதாரும் ஓருண்மையை மறுத்தல் இயலாது. ஆன் தன் விருப்பத்தை, 'தந்தையின் ஆணை', 'தாயின் எண்ணம்' என்று பிறர்மேலேற்றியே கூறுகின்றாள். பெண் தன் விருப்பத்தை வெளிப்படையாகக் கூறுதல் அடாது என்று விதித்த சமூகமே அவளுக்குச் சூழ்ச்சியைக் கற்பித்தது. அச்சூழ்ச்சியைப் பழிக்கும் டானரோ, தன் நெஞ்சத்தையே அறியாதவன். அவள் வாய் திறந்து உரைக்கவும், அவன் தன்னையறியவும் இடமிருந்திருப்பின், சியரா நெவாடா வரை ஓடும் வேலை யாருக்கும் இல்லை. நாம் நகைப்பது அவன் ஓட்டத்தைக் கண்டு. சிந்திக்க வேண்டுவது அதன் காரணத்தை.