முகம் காட்டாத குரல்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் – இயற்பியல்)

திரைப்படம் என்றதும் நம் நினைவுக்கு வருவது முகம். அந்த முகத்திற்காகப் பேசுபவர் யார் என்று கேட்போர் நம்மில் எத்தனை பேர்? 1995-இல் வெளிவந்த 'பம்பாய்' படத்தில் நடித்த மனிஷா கொய்ராலா நேபாளத்தில் பிறந்தவர். ஆனால் திரையில் அவர் பேசுவதோ தமிழ்நாட்டுக் கிராமத்துப் பெண்ணின் தமிழ்! அக்குரலுக்கு உரியவர் நடிகை ரோகிணி. இதை அறிந்த நாள் முதல் அவருடைய கலை வாழ்வைத் தேடிப் படித்தேன். அதற்கு என் சொந்தக் காரணம் ஒன்றும் உண்டு; அதனைப் பின்னர் சொல்கிறேன்.

ரோகிணி ஆந்திர மாநிலம் அனகாபல்லியில் 1969-இல் பிறந்தவர். தாய்மொழி தெலுங்கு. 1975-இல் வந்த 'யசோதா கிருஷ்ணா' என்னும் தெலுங்குப் படத்தில் குழந்தை நட்சத்திரமாக அறிமுகமானார். பால்மணம் மாறியதும் குழந்தை நட்சத்திரங்கள் பலரைத் திரையுலகம் மறந்துவிடுவது வழக்கம். இவரோ வளர்ந்தபின் தென்னக மொழிகளில் நடிகையாகத் தொடர்ந்தார். 'மகளிர் மட்டும்' (1994) படத்தின் துப்புரவுப் பணிப்பெண் பாப்பம்மாவை மறக்க முடியுமா? 'ஸ்திரீ' என்னும் தெலுங்குப் படத்திற்காகத் தேசிய விருதுக் குழுவின் சிறப்புப் பாராட்டையும் பெற்றார்.

நடிப்போடு அவர் கைக்கொண்ட மற்றொரு கலைதான் பின்னணிக் குரல், அதாவது டப்பிங். படப்பிடிப்பு முடிந்தபின் காட்சியைச் சிறு சிறு துண்டுகளாகத் திரையில் ஓட்டுவார்கள். கலைஞர் மைக் முன் நின்று, திரையில் தெரியும் உதடுகளைப் பார்த்தபடியே பேச வேண்டும். 'ப', 'ம' என்னும் எழுத்துகளுக்கு உதடுகள் ஒட்டும். 'க', 'த' என்பவற்றிற்கு ஒட்டா. திரையில் உதடு ஒட்டும் இடத்தில் ஒட்டாத எழுத்து வந்தால் பொய் வெளிப்பட்டுவிடும். நடிகை ஓடி வந்து மூச்சிரைத்தால், இவர் நின்ற இடத்திலேயே இரைக்க வேண்டும். தொலைவு இரு மடங்கானால் ஒலிச்செறிவு நாலில் ஒரு பங்காகக் குறையும் என்று வகுப்பில் படித்தோமே, அந்த விதி இங்கும் உண்டு. தலை சற்று விலகினாலும் குரல் மாறிவிடும். இத்தனை உழைப்புக்குப் பின், கைதட்டல் முகத்துக்குப் போய்விடுகிறது! 2010-இல் வந்த 'ராவணன்' படத்தில் ஐஸ்வர்யா ராய்க்குப் பேசியவரும் இவரே.

பின்னர் ரோகிணி இயக்குநரானார். அவர் முதலில் எடுத்த 'சைலண்ட் ஹியூஸ்' என்னும் ஆவணப்படம் யாரைப் பற்றியது தெரியுமா? குழந்தை நட்சத்திரங்களைப் பற்றியது! தான் நடந்து வந்த பாதையைத் தானே திரும்பிப் பார்த்தார். 'அப்பாவின் மீசை' என்ற படத்தையும் இயக்கினார். குழந்தைகள் நடிப்பதற்கு 2017-ஆம் ஆண்டு விதிகள் சில வரம்புகளை வகுத்துள்ளன. நாளொன்றுக்கு ஐந்து மணி நேரத்திற்கு மேல் வேலை கூடாது. ஊதியத்தில் குறைந்தது 20 விழுக்காட்டைக் குழந்தையின் பெயரிலேயே வங்கியில் வைப்புத்தொகையாகச் செலுத்த வேண்டும்.

இனி என் காரணத்திற்கு வருகிறேன். நான் பச்சைமலையிலிருந்து படிக்க வந்தவன். என் வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான்தான். சென்ற ஆண்டு ஒரு கருத்தரங்கில் நான் பேச எழுந்தபோது, எங்கள் மலைப்பேச்சின் இழுப்பைக் கேட்டுச் சிலர் சிரித்தனர். பாதியிலேயே அமர்ந்துவிட்டேன். அதன்பின் வகுப்பில் தெரிந்த விடையைக்கூடச் சொல்லாமல் இருந்த நாட்கள் பல.

தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட ஒருவர், தமிழ்ப் பெண்ணின் அழுகையையும் சிரிப்பையும் தமிழர்களே ஐயுறாதபடி பேசியிருக்கிறார். அது பயிற்சியால் வந்தது. அப்படியானால் மேடைத்தமிழை நானும் பயின்றுகொள்ள முடியும். அதற்காக என் ஆத்தா பேசும் பேச்சை நான் கைவிட வேண்டியதில்லை. ஒரே தொண்டையில் இரண்டுக்கும் இடமுண்டு என்பதை ரோகிணியின் வாழ்வு எனக்குக் கற்பித்தது.

இவ்வாண்டுக் கருத்தரங்கிற்குப் பெயர் கொடுத்துவிட்டேன். நண்பர்களே, அன்று வந்து கேளுங்கள். இம்முறை பாதியில் அமர மாட்டேன்!