மண்ணை விட்டா ஆட்டம் போச்சு

மழை பெய்த மறுநாள் பறை பேசாது. தோல் ஈரம் குடித்துத் தொய்ந்துவிடும். எங்கள் பள்ளி மைதானத்தில் ஒரு கை வைக்கோலைக் கொளுத்தி, பறையைத் திருப்பித் திருப்பிக் காய்ச்சி, சுண்டுக்குச்சியால் ஒரு தட்டு தட்டிக் காதைச் சாய்ப்பார் பிள்ளைகளுக்கு ஆட்டம் பழக்கும் பெரியவர். "இப்பப் பேசும் டீச்சர்" என்பார்.

பெரம்பலூர் மாவட்டத்துக் கிராமப் பள்ளி ஒன்றில் நான் கணக்கு டீச்சர். கலைப் போட்டிக்குப் பிள்ளைகளைத் தயார்செய்யும் வேலையும் என் தலையில்தான் விழும். "பறையை ஏன் எம்புள்ள கையில குடுத்தீங்க?" என்று சண்டைக்கு வந்த பெற்றோரும் உண்டு. அவர்கள் கேட்டது தோலைப் பற்றியல்ல, சாதியைப் பற்றி.

ஒரு வருடம் புதுமை செய்கிறேன் பேர்வழி என்று பறையடிக்கு நடுவே ஒரு சினிமாப் பாட்டைச் செருகினேன். பரிசு வரவில்லை. அதுகூடப் பரவாயில்லை, பெரியவர் சொன்னதுதான் உறைத்தது: "பாட்டு மாறினதும் புள்ளைங்க நுனிக்கால்ல ஏறிடுச்சுங்க. மண்ணை விட்டா ஆட்டம் போச்சு."

பழையதோடு புதியதை எந்த இடத்தில் சேர்ப்பது? இதே கேள்வியோடு ஆப்பிரிக்காவில் ஒருவர் கிளம்பினார். கினியாவைச் சேர்ந்த கெய்ட்டா ஃபோதேபா, 1950களின் தொடக்கத்தில் பாரிஸில் 'லே பாலே ஆஃப்ரிக்கேன்' குழுவை நடத்தினார். ஊரே வட்டமாகச் சூழ்ந்து நிற்க ஆடியதை, ஒரு பக்கம் மட்டும் பார்க்கிற மேடைக்குத் தக்கபடி சுருக்கி அடுக்கினார். 1958இல் நாடு விடுதலையானதும் அது தேசிய நடனக் குழுவாயிற்று. ஜெம்பே முழவை உலகம் அறிந்ததில் அந்தக் குழுவுக்குப் பெரும் பங்குண்டு. 

நம் பக்கத்தில் நடன அமைப்பாளர் சந்திரலேகா. காஞ்சிபுரம் எல்லப்பா பிள்ளையிடம் பரதம் பயின்றவர். 1985இல் 'அங்கிகா' என்ற படைப்பில் பரதம், களரி, யோகம் மூன்றையும் ஒரே மேடையில் நிறுத்தினார். நாயகனுக்காக ஏங்கும் நாயகி அதில் இல்லை. 2006இல் மறைந்த அவர், பெசன்ட் நகர் கடற்கரை வீட்டில் ஒத்திகை பார்த்துப் புதிது புதிதாக அமைத்தார். பரதத்தின் அரைமண்டியும் களரியின் தாழ்ந்த நிலையும் முழங்காலை மடக்கித் தரையை நாடுபவை. ஒட்டு தெரியாமல் போனதற்கு அதுதான் காரணம் என்பது என் கட்சி. பாட்டில் ஒட்டப் பார்த்தது என் தப்பு, ஒட்டவேண்டிய இடம் முழங்கால்.

போன மாசி மாதம் பிள்ளைகளைக் கங்கைகொண்ட சோழபுரத்துக்குக் கூட்டிப்போனேன். ராஜேந்திர சோழன் கோயில் சுவரில் ஆடுகிற நடராஜர், காலடியில் தாளம் தட்டும் காரைக்கால் அம்மையார். ஏழாம் வகுப்புப் பெண் ஒருத்தி அண்ணாந்து பார்த்துவிட்டு, "சாமியும் முட்டியை மடக்கித்தான் நிக்குது டீச்சர்" என்றாள். நான் ஒரு மாதமாகத் தொண்டை கிழியக் கத்தியது அது!

இந்த வருடம் எங்களுக்குப் பாட்டு கிடையாது. எட்டுப் பிள்ளைகள், நான்கு பறை. களரிக்காரர்போல் தாழ்ந்து நகரும் ஒரு நடையை மட்டும் சேர்த்திருக்கிறோம். நடுவர் நாற்காலியில் உட்காரப்போகிறவர்களுக்கு ஒரு விண்ணப்பம்: உடுப்பைப் பார்க்கும் முன் பிள்ளைகளின் காலைப் பாருங்கள்.