எல்லாப் பூட்டுக்கும் ஒரு சாவியா?

விளையாட்டு என்று ஒன்று இருக்குமாயின் அதற்கு விதி என்று ஒன்றும் இருக்கும். விதி இருக்குமிடத்தில் அதனைச் சற்றே வளைத்துப் பார்க்கும் ஆசையும் உடன்பிறந்து விடுகிறது. தாயம் உருட்டுபவன் விரலிடுக்கிற் காயைத் திருப்பப் பார்க்கிறான். கடதாசி விளையாடுபவன் அயலவன் கையை எட்டிப் பார்க்கிறான். அங்கெல்லாம் எதிரே இருப்பவன் மனிதன். கண்டுபிடித்துக் கண்டித்து விடுவான். எதிரே இருப்பது யந்திரமாயின் அதன் விதியை வளைப்பதற்கும் ஒரு யந்திரமே வேண்டியதாகிறது. அவ்வாறு பிறந்தவையே கைவிளையாட்டுக் கருவிகளுக்கான குறுக்குவழிச் சாதனங்கள். 'சீற் கோட்' என்று பிள்ளைகள் வழங்கும் இரகசியக் குறியீடுகளை விளையாட்டினுட் செலுத்துபவை இவையே.

இன்று கைத்தொலைபேசியே விளையாட்டரங்கமாகி விட்டது. எனினும், பழைய கைவிளையாட்டுக் கருவிகளைத் தேடி வாங்கிப் பேணுவோர் பல நாடுகளிலும் உளர். அவர்களிடையே அடிக்கடி எழும் வினா ஒன்றுண்டு. "இந்தச் சாதனம் இந்த விளையாட்டுக்குப் பொருந்துமா?" என்பதே அது. கேட்பதற்குச் சிறு வினாவாகத் தோன்றும். ஆனால் அதன் விடையைத் தேடிச் செல்வோமாயின் கணினி எவ்வாறு நினைவு வைத்திருக்கிறது என்பதையும், விலை கொடுத்து வாங்கிய பொருளின்மீது வாங்கியவனுக்குள்ள உரிமை எத்துணை என்பதையும் ஒருங்கே அறிந்து கொள்ளலாம்.

யப்பானிய நிறுவனமான நின்ரெண்டோ 1989ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதத்தில் 'கேம் போய்' என்னுங் கருவியை வெளியிட்டது. உள்ளங்கையில் அடங்குவது, நான்கு சிறு மின்கலங்களால் இயங்குவது. 'காட்ரிஜ்' எனப்படும் சிறு பேழையைப் பின்புறத்திற் செருகினால் விளையாட்டுத் தொடங்கும். இக்கருவியும் 1998இல் வந்த இதன் வண்ணத்திரை வடிவமுமாக 11 கோடியே 80 இலட்சத்துக்கும் மேற்பட்டவை உலகெங்கும் விற்பனையாயின. சந்தை பெருகியதும் துணைச் சாதனங்களும் பெருகின. பிரித்தானிய நிறுவனமான கோட்மாஸ்ரர்ஸ் உருவாக்கிய 'கேம் ஜீனி', மற்றொரு பிரித்தானிய நிறுவனமான டேற்றெல் உருவாக்கிய 'அக்ஷன் ரீபிளே' ஆகிய இரண்டும் இவற்றுள் முதன்மையானவை. பின்னது அமெரிக்காவில் 'கேம் ஷார்க்' என்னும் பெயரால் விற்கப்பட்டது. 2003இல் அப்பெயரை வேறொரு நிறுவனம் வாங்கிக்கொள்ளவே, டேற்றெல் அமெரிக்காவிலும் தன் பழைய பெயரையே கைக்கொண்டது.

இவ்விரண்டும் பார்வைக்கு ஒன்றுபோலத் தோன்றும். இரண்டுமே கருவிக்கும் காட்ரிஜுக்கும் இடையில் அமர்பவை. ஆயினும் வேலை செய்யும் முறையில் இவை முற்றாக வேறுபட்டவை.

வகுப்பறை ஒன்றை மனத்திற் கொள்வோம். ஆசிரியர் கையில் அச்சிட்ட பாடநூல் இருக்கிறது; அதனை அழிக்கவோ திருத்தவோ இயலாது. அருகே கரும்பலகை இருக்கிறது. அதில் கணத்துக்குக் கணம் எழுதலாம், அழிக்கலாம். காட்ரிஜினுள் நிலையாகப் பதிக்கப்பட்டிருக்கும் விளையாட்டு நிரலே பாடநூல். கருவியினுள் இருக்கும் தற்காலிக நினைவகமே கரும்பலகை. வீரனுக்கு எத்தனை உயிர் எஞ்சியிருக்கிறது, பையில் எத்தனை காசு இருக்கிறது என்னும் கணக்கெல்லாம் இக்கரும்பலகையிலேயே எழுதப்படும். 'கேம் போய்'க் கரும்பலகையில் உள்ள கட்டங்கள் 8,192 மட்டுமே. ஒவ்வொரு கட்டத்துக்கும் ஓர் இலக்கம், அதாவது ஒரு முகவரி உண்டு.

'கேம் ஜீனி' பாடநூலைக் குறிவைப்பது. ஆசிரியர் வாசித்துச் செல்லும்போது குறித்த ஓர் எழுத்தின்மேல் வேறோர் எழுத்து எழுதிய துண்டுக் கடதாசியைப் பிடிப்பது போன்றது அதன் செயல். 'ஓர் உயிரைக் கழி' என்றிருந்த கட்டளை, 'ஒன்றையுங் கழியாதே' என்று வாசிக்கப்படும். நூல் மாறுவதில்லை, வாசிப்பே மாறுகிறது. 'கேம் ஷார்க்' கரும்பலகையைக் குறிவைப்பது. வீரன் அடிபட்டு உயிர்க்கணக்குக் குறைந்தாலும், விநாடிக்கு ஏறத்தாழ 60 தடவை ஓடிச்சென்று பழைய எண்ணையே மீண்டும் எழுதிவிடும்.

இனி, பொருந்தாமை எங்கிருந்து வருகிறது என்று பார்ப்போம்.

முதலாவது, உடலமைப்பினால் வருவது. பழைய 'கேம் போய்' காட்ரிஜின் மூலையில் ஒரு வெட்டு உண்டு. மின்னாழியை நகர்த்தும்போது ஒரு முனை அவ்வெட்டில் வந்து புகும். வண்ணத்திரைக் கருவிக்கென்றே செய்யப்பட்ட காட்ரிஜுகளில் அவ்வெட்டு இல்லை. ஆகையால் பழைய கருவியில் அவற்றைச் செருகி மின்னாழியைப் போடவே முடியாது. பழைய கருவியின் அளவுக்கென்று வார்த்த குறுக்குவழிச் சாதனம், பின்வந்த மெலிந்த உருவங்களிற் சரிவர அமராமற் போவதும் இவ்வகையினதே.

இரண்டாவது, நூலின் பருமனால் வருவது. 'கேம் போய்' ஒரே வேளையில் நூலின் இரண்டு ஏடுகளை மட்டுமே பார்க்கவல்லது. முதல் ஏடு எப்போதும் விரிந்தபடி இருக்கும். மற்றையது வேண்டியபோது மாற்றப்படும். 1998இல் அமெரிக்காவில் வெளிவந்த 'போக்கிமொன்' சிவப்புப் பதிப்பில் இத்தகைய ஏடுகள் 64 இருந்தன. "இரண்டாம் பக்கத்தில் ஐந்தாம் எழுத்தை மாற்று" என்று மட்டுஞ் சொன்னால், எந்த ஏடு விரிந்திருந்தாலும் அங்குள்ள ஐந்தாம் எழுத்து மாறிவிடும். விளையாட்டுக் குழம்பி நின்றுவிடும். ஆகவே, 'கேம் ஜீனி'க் குறியீட்டில் மேலும் மூன்று இலக்கங்களைச் சேர்த்தனர். "அங்கே இன்ன எழுத்து இருந்தால் மட்டும் மாற்று" என்பதே அவற்றின் பொருள். ஆறிலக்கக் குறியீடு ஒன்பதிலக்கமானதன் காரணம் இதுவே. இதுவும் முழுக்காப்பன்று. ஓரிடத்தில் இருக்கக்கூடிய மதிப்புகள் 256தான். வேறோர் ஏட்டின் அதே இடத்தில் அதே மதிப்புத் தற்செயலாக இருந்துவிடின் அங்கும் மாற்றம் நிகழ்ந்துவிடும்.

மூன்றாவது, பதிப்பு வேற்றுமையால் வருவது. மாணவர்கள் நன்கு கவனிக்க வேண்டியது இதனையே. 'போக்கிமொன்' சிவப்பு, நீலப் பதிப்புகளில் எதிரே தோன்றும் விலங்கு எது என்னும் எண் 'சி-எவ்-டி-8' என்னுங் கட்டத்தில் எழுதப்படுகிறது. (பத்துக்குப் பதிலாகப் பதினாறை அடியாகக் கொண்ட எண்முறை இது, ஒன்பதுக்குப் பின் ஆறு ஆங்கில எழுத்துக்கள் இலக்கங்களாக வரும்.) 1999இல் அமெரிக்காவுக்கு வந்த மஞ்சட் பதிப்பிலோ அதே எண் 'சி-எவ்-டி-7' என்னுங் கட்டத்தில் எழுதப்படுகிறது. கட்டம் ஒன்றே ஒன்று தள்ளிவிட்டது! ஆட்டம் ஏறக்குறைய அதுவே, பாத்திரங்களும் அவையே, ஆனால் பழைய குறியீடு புதிய பதிப்பில் அயல்வீட்டுக் கதவைத் தட்டுகிறது. பிரெஞ்சு, ஜெர்மன் முதலிய மொழிப் பதிப்புகளிலும் இத்தகைய இடப்பெயர்ச்சி உண்டு. அமெரிக்கப் பதிப்புக்கென எழுதிய குறியீட்டை ஐரோப்பியப் பதிப்பில் இட்டு, "சாதனம் பழுது" என்று எறிந்தவர் பலர். பழுது சாதனத்திலன்று, முகவரியில்.

2001இல் 'கேம் போய் அட்வான்ஸ்' வந்தபோது சிக்கல் இன்னும் ஒருபடி முதிர்ந்தது. அதன் கரும்பலகை பழையதைப்போல் 36 மடங்கு பெரிது. அக்கருவிக்கான சாதனங்களில் ஒவ்வொரு விளையாட்டுக்கும் 'தலைமைக் குறியீடு' என ஒன்றை முதலில் இடவேண்டியதாயிற்று. விளையாட்டு நிரலின் எந்த இடத்திற் புகுந்து தன் வேலையைச் செய்யலாம் என்பதைச் சாதனத்துக்குக் காட்டிக்கொடுப்பது அது. வாயிற்கதவு திறந்தாலன்றி அறைக்கதவுகளைத் திறக்கவியலாதல்லவா? அன்றியும், சாதனம் செய்தோர் தத்தங் குறியீடுகளை மறைமொழியில் எழுதினர். ஆகையால் ஒரு நிறுவனத்தின் குறியீடு மற்றொன்றின் சாதனத்தில் இயங்கவில்லை. ஒரே நிறுவனத்தின் முந்திய வடிவத்துக்கும் பிந்திய வடிவத்துக்குங்கூட ஒத்துப்போகவில்லை.

விளையாட்டை ஆக்கியோரும் வாளா இருக்கவில்லை. 2004இல் வெளிவந்த 'போக்கிமொன் பயர்ரெட்', 'எமரால்ட்' ஆகியவற்றில் ஆட்டக்காரரின் விபரங்கள் ஒரே கட்டத்தில் நிலைத்து நிற்பதில்லை. ஆட்டத்தின் நடுவே அவ்வப்போது இடம் மாறிக்கொண்டேயிருக்கும். காசுக் கணக்கும் மறைமொழியில் எழுதப்படும். வீடே இடம் பெயர்ந்துகொண்டிருந்தால் முகவரியை வைத்துக்கொண்டு என்ன செய்வது? குறியீடு எழுதுவோர் அதற்கும் வழி கண்டனர். வீடு இப்போது எங்கிருக்கிறது என்பதை விளையாட்டு தானும் நினைவில் வைத்திருக்க வேண்டுமன்றோ? அந்தக் குறிப்பு எழுதப்பட்ட கட்டத்தை முதலிற் படித்து, அது காட்டும் இடத்துக்குச் செல்லுமாறு குறியீட்டை அமைத்தனர். பூட்டுச் செய்பவனுக்கும் சாவி செய்பவனுக்கும் இடையே நடந்த இப்போட்டியிற் பிறந்த அறிவு சிறிதன்று.

பின்னர் 2004இன் இறுதியில் 'டிஎஸ்' கருவி வந்தது. அதற்கான 'அக்ஷன் ரீபிளே', செருகப்பட்ட விளையாட்டின் நான்கெழுத்து அடையாளத்தையும், அதன் தலைப்பகுதியிலிருந்து கணித்த ஒரு சோதனை எண்ணையும் பார்த்து, இன்ன பதிப்பு இதுவெனத் தானே தெரிந்துகொண்டது. ஆனால் 2008இல் வெளிவந்த 'டிஎஸ்ஐ' என்னும் புதிய வடிவம் பழைய சாதனத்தை ஏற்க மறுத்தது. அதற்கெனத் தனிச் சாதனம் செய்யவேண்டி வந்தது. விளையாட்டு ஒன்றே, குறியீடு ஒன்றே; கருவி மாறியதும் எல்லாம் நின்றுபோயிற்று.

இத்துணைப் போட்டியும் நீதிமன்றம் ஏறாமற் போகுமா? 1990இல் நின்ரெண்டோ, 'கேம் ஜீனி'யை அமெரிக்காவில் விற்ற கலூப் நிறுவனத்தின்மீது தடையுத்தரவு பெற்றது. தனது ஆக்கத்திலிருந்து அனுமதியின்றிப் புதிய ஆக்கம் செய்யப்படுகிறது என்பது அதன் வாதம். நீதிமன்றம் உடன்படவில்லை. சாதனம் எதனையும் நிலையாக மாற்றுவதில்லை. விலை கொடுத்து வாங்கியவர் தம் வீட்டில் தம் மகிழ்ச்சிக்காக ஆடும் முறையை மாற்றிக்கொள்வது குற்றமாகாது என்று கண்டது. 1992இல் மேன்முறையீட்டு நீதிமன்றமும் அதனை உறுதிசெய்தது. தடையினால் விற்பனை இழந்த கலூப் நிறுவனத்துக்கு ஒன்றரைக் கோடி டொலர் வழங்கும் தீர்ப்பும் 1994இல் நிலைநிறுத்தப்பட்டது.

ஐரோப்பாவில் இவ்வழக்கு வேறுருவெடுத்தது. சோனி நிறுவனத்தின் 'பிஎஸ்பி' கைக்கருவிக்கு டேற்றெல் செய்த சாதனம், 'மோட்டர்ஸ்ரோம்: ஆர்க்டிக் எட்ஜ்' என்னும் ஓட்டப்பந்தய விளையாட்டில் வேகமூட்டும் வசதியை எல்லையின்றிப் பயன்படுத்த இடமளித்தது. 2012இல் ஹம்பர்க் நீதிமன்றம் சோனியின் முறையீட்டை ஓரளவு ஏற்றது. 2021இல் அங்குள்ள மேன்முறையீட்டு நீதிமன்றம் அதனைத் தள்ளிற்று. ஈற்றில் ஐரோப்பிய ஒன்றியத்தின் நீதிமன்றம் 2024 ஒக்டோபர் 17இல் தன் கருத்தைக் கூறியது. நிரலின் எழுத்தை மாற்றாது, அது ஓடும்போது நினைவகத்தில் எழுதும் எண்களை மட்டும் மாற்றுவது கணினி நிரல்களுக்கான பதிப்புரிமைப் பாதுகாப்பை மீறுவதாகாது என்பதே அக்கருத்து. நாம் மேலே சொன்ன பாடநூலும் கரும்பலகையும் இங்கே சட்டமாகவே வந்து நிற்பதை வாசகர்கள் காணலாம்.

சட்டம் விட்டுவிட்டது என்பதனால் அறமும் விட்டுவிட்டதென்று கொள்ளலாமா? இதில் நமது அபிப்பிராயத்தையும் சொல்லிவிடுவோம். தனியே இருந்து ஆடுபவன் தன் ஆட்டத்தை எளிதாக்கிக் கொள்வதால் எவருக்கும் நட்டமில்லை. விரல் வேகம் குன்றியவரும், நோயுற்ற பிள்ளையும், வேலைப்பளுவுக்கிடையே கதையின் முடிவைக் காண விரும்பும் முதியவரும் இச்சாதனத்தால் இன்பம் பெறுவராயின் அதனைத் தடுப்பானேன்? ஆனால் 'போக்கிமொன்' போன்ற விளையாட்டுகளிற் கம்பிவழியாக இரு பிள்ளைகள் தாம் பிடித்தவற்றை மாற்றிக்கொள்கின்றனர். ஒருத்தி மூன்று மாதம் முயன்று வளர்த்ததற்கு ஈடாக மற்றவன் ஒரு நொடியிற் குறியீட்டாற் படைத்ததைக் கொடுப்பானாயின், அது விளையாட்டன்று; கள்ளக்காசு கொடுத்துப் பண்டம் வாங்குவதேயாகும். எதிரே யந்திரம் இருக்கும்வரை அது குறுக்குவழி. எதிரே மனிதன் வந்துவிட்டால் அது வஞ்சகம். எல்லைக்கோடு இங்கேதான் இருக்கிறது.

பெற்றோரும் மாணவரும் மனத்திருத்த வேண்டிய சில நடைமுறைகளும் உண்டு. குறியீட்டை இடுமுன் காட்ரிஜின் மேற்சீட்டைப் பார்த்து அது எந்நாட்டுப் பதிப்பு என அறிக. ஒரே வேளையிற் பலவற்றை இடாது ஒவ்வொன்றாகச் சோதிக்க. வேலை முடிந்ததும் குறியீட்டை நிறுத்திவிடுக. ஏனெனில் ஒரு காட்சியில் உயிர்க்கணக்காக இருந்த கட்டம் வேறு காட்சியில் வேறொன்றாகப் பயன்படக்கூடும். எல்லாவற்றிலும் முக்கியமானது, குறியீடு ஓடிக்கொண்டிருக்கையில் ஆட்டத்தைச் சேமித்து வைக்காதிருத்தல். மின்சாரத்தை நிறுத்தினால் கரும்பலகை அழிந்துபோகும். தவறும் அதனோடு போய்விடும். சேமிப்பிற் பதிந்த தவறோ அழிவதில்லை. பிள்ளை பல மாதம் ஆடிய ஆட்டம் ஒரு தவறான எண்ணால் மீளாது போனதுண்டு.

இச்சாதனங்களுட் பல இன்று விற்பனையில் இல்லை. ஆயினும் அவற்றைக் கையிலெடுத்த சிறுவர் பலர், "இந்த எண்ணை மாற்றினால் ஏன் உயிர் கூடுகிறது?" என்று வினவத் தொடங்கியே நினைவகத்தையும் முகவரியையும் பதினாறடி எண்களையும் தாமாகக் கற்றனர். நம் பிள்ளை ஒரு குறியீட்டை இட்டுவிட்டு வெற்றியை மட்டும் பார்த்திருப்பானாயின் அவனுக்குக் கிட்டியது ஒரு மாலைப்பொழுது. அது ஏன் பொருந்தியது, அடுத்த பதிப்பில் ஏன் பொருந்தவில்லை என்று கேட்பானாயின், விளையாட்டுப் பெட்டியினுள் இருந்த பாடநூலை அவன் திறந்துவிட்டான் என்றே நாம் கொள்ளலாம்.