மூளை இருக்கிறது, எதிராளிதான் இல்லை

கண்டி மாவட்டத்தில் பாடசாலைச் சதுரங்கப் போட்டி எங்கே நடந்தாலும், மண்டபத்துக்கு வெளியே பெற்றோர் கூட்டம் ஒன்று காத்திருக்கும். பேராதனை, கட்டுகஸ்தோட்டை, கம்பளை என்று பல இடங்களிலிருந்தும் விடிய முன்பே பஸ் ஏறி வந்தவர்கள். பயிற்றுநரைக் கண்டதும் அவர்கள் கேட்பது பெரும்பாலும் ஒன்றைத்தான்: “என்ட மகளுக்கு அந்த மூளை இருக்கா சேர்?”

இந்தக் கேள்விக்கு உளவியல் ஆய்வாளர்கள் நீண்ட காலமாகவே விடை தேடி வருகிறார்கள். நெதர்லாந்தைச் சேர்ந்த அட்ரியான் டி குரூட், உலகின் முன்னணி வீரர்களையும் சாதாரணக் கழக வீரர்களையும் பலகைக்கு முன் அமர்த்தி, மனதில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லச் சொன்னார். முன்னணி வீரர்கள் இன்னும் பல நகர்வுகள் தொலைவுக்குக் கணக்குப் போடுவார்கள் என்றே எல்லோரும் நினைப்போம். 1946இல் வெளியான அவருடைய ஆய்வு வேறு கதை சொன்னது. இரு தரப்பும் ஏறக்குறைய ஒரே ஆழத்துக்குத்தான் யோசித்தார்கள். ஆனால் வல்லவர்களின் கண்ணில் நல்ல நகர்வு எடுத்த எடுப்பிலேயே பட்டது.

ஏன் என்பதை 1973இல் அமெரிக்காவின் வில்லியம் சேஸும் ஹெர்பர்ட் சைமனும் காட்டினார்கள். உண்மையான ஆட்டமொன்றின் நடுக்கட்டத்தை, இருபத்தைந்து காய்கள் வரை இருக்கும் பலகையை, ஐந்து விநாடி மட்டும் காட்டி மறைத்தார்கள். பார்த்ததை இன்னொரு பலகையில் அடுக்க வேண்டும். மாஸ்டர் ஏறக்குறைய 16 காய்களைச் சரியாக வைத்தார். புதிதாகப் பழகியவர் நான்கைத்தான் வைத்தார். பிறகு அதே காய்களைக் கண்டபடி இறைத்து வைத்துக் காட்டினார்கள். மாஸ்டரும் நான்கோடு நின்றுவிட்டார்.

ஆக, அவருக்கு அபார ஞாபகசக்தி என்று ஒன்று இல்லை. எழுத்துக்கூட்டிப் படிக்கும் பிள்ளைக்கு எழுத்தாகத் தெரிவது நமக்குச் சொல்லாகத் தெரிவதுபோல், அவருக்குக் காய்கள் கூட்டம் கூட்டமாகத் தெரிகின்றன. கோட்டை கட்டிய ராஜா, அவருக்கு முன் மூன்று சிப்பாய்கள், பக்கத்தில் குதிரை: இவை ஐந்தும் அவருக்கு ஒரே உரு. இப்படிச் சுமார் 50,000 உருக்கள் ஒரு மாஸ்டரின் நினைவில் இருக்கும் என்று சைமன் மதிப்பிட்டார்.

பிறவித் திறமைக்கு இதில் இடமே இல்லை என்று சொல்ல வரவில்லை. அர்ஜென்டினா வீரர்களை ஆராய்ந்து 2007இல் வெளியான ஆய்வொன்றில், ஒருவர் சுமார் 3,000 மணி நேரப் பயிற்சியில் மாஸ்டர் தரத்தை எட்டியிருந்தார். இன்னொருவருக்கு 23,000 மணி நேரத்துக்கு மேல் தேவைப்பட்டது. ஆனால் எவரும் அந்த உருக்களோடு பிறப்பதில்லை. பலமான எதிராளியிடம் தோற்று, தோற்ற ஆட்டத்தை மறுபடி பிரித்துப் பார்த்துத்தான் அவற்றைச் சேர்க்க வேண்டும். கண்டிப் பிள்ளைக்கு இல்லாதது அந்த எதிராளிதான்.

சதுரங்கத்தின் மிக உயர்ந்த பட்டமான கிராண்ட்மாஸ்டருக்கு, உலகச் சதுரங்கச் சம்மேளனமான ஃபிடே இரண்டு தகுதிகளைக் கேட்கிறது. ஆட்ட முடிவுகளால் ஏறி இறங்கும் தரப்புள்ளியான ரேட்டிங் 2500ஐத் தொட வேண்டும். அத்துடன், ஒரு போட்டியில் கிராண்ட்மாஸ்டர் தரத்தில் ஆடியதற்கான சான்றான ‘நோர்ம்’கள், வழக்கமாக மூன்று, மொத்தம் குறைந்தது 27 ஆட்டங்களை உள்ளடக்கியவையாக வேண்டும். ஒன்பது சுற்றுப் போட்டியில் ஒரு நோர்ம் எடுக்க, 2600 தரத்தில் ஆடிக் காட்ட வேண்டும். எதிராளிகளின் சராசரி 2380க்குக் குறையக் கூடாது. அவர்களில் மூவராவது கிராண்ட்மாஸ்டராக இருக்க வேண்டும். வெளிநாட்டவரும் இருக்க வேண்டும். இலங்கையில் அதற்கு அடுத்த பட்டமான இன்டர்நேஷனல் மாஸ்டர் வரை போனவர்கள் உண்டு. 2024 முடியும் வரை கிராண்ட்மாஸ்டர் ஒருவரும் இல்லை. உள்ளூரில் கிராண்ட்மாஸ்டர் இல்லாததால் நோர்ம் கிடைப்பது அரிது. நோர்ம் கிடைக்காததால் கிராண்ட்மாஸ்டர் உருவாவதில்லை.

ரேட்டிங்கும் இதே சிக்கலில்தான் மாட்டுகிறது. ஹங்கேரியில் பிறந்த அமெரிக்க இயற்பியல் பேராசிரியர் ஆர்பாட் ஈலோ வகுத்த இந்த முறையை ஃபிடே 1970இல் ஏற்றது. கண்டியில் 1600 ரேட்டிங் உள்ள இரண்டு மாணவர்கள் மோதினால், வென்றவருக்கு 20 புள்ளி கூடும். தோற்றவருக்கு அதே 20 குறையும். இருவரின் கூட்டுத்தொகை அப்படியே இருக்கும். தமக்குள்ளேயே ஆடிக்கொண்டிருக்கும் ஒரு குழுவில் எல்லோரும் திறமையில் வளர்ந்தாலும் எண்கள் வளராது. அதே மாணவர் 2000 ரேட்டிங் உள்ள ஒருவரோடு சமன் செய்தாலே 17 புள்ளி அளவுக்குக் கிடைக்கும். அப்படி ஒருவரைத் தேடி அவர் கொழும்புக்கு ரயில் ஏற வேண்டும், இன்னும் பலமானவரைத் தேடி விமானம் ஏற வேண்டும்.

எதிராளி கிடைத்தால் என்ன நடக்கும் என்பதற்கு ஓர் உதாரணம்: இலங்கையில் பிறந்த சுனில் வீரமந்திரி நியூயோர்க்கில் பெயர்பெற்ற சதுரங்கப் பயிற்றுநர். உலகத் தரவரிசையில் இரண்டாம் இடம் வரை ஏறிய ஹிகாரு நகமுரா அவருடைய வளர்ப்பு மகன். 2003இல், 15 வயதில், நகமுரா கிராண்ட்மாஸ்டரானார். கற்பிக்கும் அறிவு இந்த மண்ணில் பிறந்தவரிடம் இருந்தது. மகனுக்கு எதிரே உட்காரப் பலமான வீரர்கள் அமெரிக்காவில் இருந்தார்கள்.

கடலுக்கு அப்பால் சென்னையும் ஒரே நாளில் சதுரங்க நகரமாகிவிடவில்லை. மானுவேல் ஆரோன் 1961இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டரானார். அங்கே சோவியத் கலாசார நிலையத்தில் இயங்கிய மிகயில் தால் கழகத்தில் சிறுவன் விஸ்வநாதன் ஆனந்த் ஆடிப் பழகினார். 1988இல் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டரானார். இரண்டாமவருக்கு 1991 வரை, மூன்றாமவருக்கு 1997 வரை இந்தியா காத்திருந்தது. அதன் பிறகுதான் வேகம் பிடித்தது. 2024 அளவில் எண்பதுக்கும் மேற்பட்டோர். ஏறக்குறைய மூன்றில் ஒருவர் தமிழ்நாட்டவர்.

அந்தச் சூழலில் வளர்ந்த குகேஷ் ஏழு வயதில் ஆட்டம் பழகி, 2019 ஜனவரியில், 12 வயதில் கிராண்ட்மாஸ்டரானார்; 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரெனை வென்று 18 வயதில் உலகச் சாம்பியனானார். இதற்கு அவருடைய குடும்பம் கொடுத்த விலையும் பெரிது. நான்காம் வகுப்புக்குப் பிறகு அவர் முழுநேரப் பள்ளிக்குப் போகவில்லை. காது, மூக்கு, தொண்டை அறுவை மருத்துவரான அப்பா, மகனோடு நாடு நாடாகச் செல்வதற்காகத் தொழிலை நிறுத்தினார். எல்லாக் குடும்பத்தாலும் இது முடியாது, எல்லோரிடமும் கேட்கவும் கூடாது. நம் பிள்ளை பத்து வயதில் புலமைப்பரிசில் பரீட்சை எழுதுகிறது, பதினாறில் சாதாரண தரம். உருக்கள் வேகமாகப் படியும் வயதில் பலகை அலுமாரிக்கு மேலே ஏறிவிடுகிறது.

ஆகவே செய்யக்கூடியதைச் செய்வோம். கொழும்பிலிருந்து சென்னை ஒன்றரை மணி நேர விமானப் பயணம்தான். ஆண்டுக்கு ஒரு முறையாவது அங்கிருந்து சில கிராண்ட்மாஸ்டர்களையும் மற்ற நாட்டு வீரர்களையும் கண்டிக்கு அழைத்து, நோர்ம் எடுக்கக்கூடிய போட்டியொன்றை நடத்தினால், பிள்ளை கடல் தாண்ட வேண்டியதில்லை. பல்கலைக்கழகமும் பெரிய கல்லூரிகளும் பழைய மாணவர் சங்கங்களும் உள்ள நகருக்கு இது எட்டாத செலவல்ல. பரீட்சை ஆண்டில்கூட வாரத்தில் இரண்டு மாலை நேரத்தைப் பலகைக்கு விட்டுவைக்கப் பாடசாலைகள் இணங்க வேண்டும். பெற்றோர், பிள்ளை வென்ற கிண்ணத்தைவிடத் தோற்ற ஆட்டத்தின் குறிப்புத்தாளைப் பத்திரப்படுத்த வேண்டும். ஒரு வீரர் வளர்வது அதில்தான்.

மண்டபத்துக்கு வெளியே காத்திருக்கும் அந்தப் பெற்றோருக்கு விஞ்ஞானம் தரும் பதில் இதுதான்: உங்கள் மகள் எவ்வளவு தூரம் போவாள் என்று மூளையைப் பார்த்து இன்றைக்கு எவராலும் சொல்ல முடியாது. அவளைவிடப் பலமான ஒருவரை அவளுக்கு முன் உட்காரவைக்க நம்மால் முடியும். அது பெரியவர்களாகிய நம் பொறுப்பு.