உதடு அசையாமல் பேசும் தியுவானா

செனகல் இயக்குநர் உஸ்மான் செம்பேன் 1966-இல் எடுத்த ‘லா நுவார் து…’ ஏறத்தாழ ஒரு மணி நேரமே ஓடும் கறுப்பு வெள்ளைப் படம். குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை என்று நம்பி, டக்காரிலிருந்து பிரான்சின் ஆன்டீப் நகருக்குப் போகிறாள் தியுவானா. அங்கே சமையல், துணி, துடைப்பு எல்லாம் அவள் தலையில். எஜமானர்களிடம் அவள் சொல்வது ‘சரிங்க’ என்பதைத் தாண்டுவதே அபூர்வம். மனமோ ஓயாமல் பேசுகிறது. நமக்கு மட்டும் கேட்கிறது.

இது நினைப்பு, பேச்சு அல்ல என்று நம் காது எப்படிக் கண்டுகொள்கிறது? அறைக்குள் ஒருவர் பேசினால் குரல் நேராகவும் வரும், சுவரிலும் கூரையிலும் பட்டுத் திரும்பியும் வரும். இரண்டும் எந்த அளவில் கலந்திருக்கின்றன என்பதை வைத்தும் மூளை தூரத்தைக் கணிக்கிறது. மைக்கை வாயருகே வைத்து, எதிரொலி இல்லாமல் பதிவுசெய்யும் மனக்குரலில் தூரமே இருக்காது. நம் தலைக்குள்ளேயே யாரோ பேசுவதுபோல் இருக்கும்.

தியுவானாவின் முகம் ம்பிஸ்ஸின் தெரேஸ் தியோப்புடையது. குரலோ ஹைத்தியைச் சேர்ந்த டோட்டோ பிஸாந்த்துடையது. இருவரையும் ஒருத்தியாக்குவது பார்ப்பவர் மூளைதான்.

திரைக்கு வெளியே, நாம் மனதுக்குள் பேசும்போதும் மூளையின் பேச்சுப் பகுதிகள் இயங்குகின்றன. நாக்கிலும் உதட்டிலும் மெல்லிய மின்துடிப்புகளை ஆய்வாளர்கள் பதிவுசெய்திருக்கிறார்கள். இந்த உட்பேச்சு எங்கிருந்து வந்தது? சோவியத் உளவியலாளர் லெவ் விகோட்ஸ்கி 1934-இல் வெளியான நூலில் விளக்கினார்: குழந்தை முதலில் பிறரோடு பேசுகிறது, பிறகு தனக்குத்தானே உரக்கப் பேசுகிறது, கடைசியில் அந்தப் பேச்சு உள்ளே இறங்கிவிடுகிறது. ஆக, உட்பேச்சின் வேர் உரையாடலில் இருக்கிறது.

இதை மனதில் வைத்துப் பார்த்தால் தியுவானாவின் இருட்டு விளங்குகிறது. ஏன் இங்கே வந்தேன், நான் இங்கே யார் என்று அவள் கேட்டுக்கொண்டே இருக்கிறாள். பதில் சொல்ல எதிரே ஆளில்லை. எஜமானிக்கு அவளது மௌனம் சோம்பலாகத்தான் தெரிகிறது. ஒருநாள் தாயிடமிருந்து கடிதம் வருகிறது. எழுதப் படிக்கத் தெரியாத அவளுக்கு எஜமானர் படித்துக்காட்டுகிறார். அவள் எதுவும் சொல்லாமலே பதிலையும் தானே எழுதத் தொடங்குகிறார். தியுவானா கடிதத்தைக் கிழித்துப்போடுகிறாள். பிறகு அந்த வீட்டிலேயே தன் உயிரையும் மாய்த்துக்கொள்கிறாள். கேள்விகளை அவள் ஒளித்துவைக்கவில்லை. அவளிடம் என்னவென்று கேட்க அந்த வீட்டில் ஒருவருக்கும் தோன்றவில்லை.