ஒரு கப்பலோடு தனிக்குடித்தனம்

பாகப்பிரிவினையில் பங்கு கேட்டுக் கோர்ட்டுப் படி ஏறியவர்களைப் பார்த்திருக்கிறோம். "சொத்து வேண்டாம், தனிக்குடித்தனம் போனால் போதும்" என்று புறப்பட்ட ஒரு தேசத்தைப் பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா?

பசிபிக் சமுத்திரத்தில் உள்ள துவாலுதான் அது. ஒன்பது சின்னத் தீவுகள். எல்லாம் சேர்ந்து 26 சதுர கிலோ மீட்டர். ஜனங்கள் சுமார் பதினோராயிரம் பேர். எல்லிஸ் தீவுகள் என்ற பெயரில், கில்பர்ட் தீவுகளோடு சேர்த்துப் பிரிட்டிஷார் ஆண்டு வந்தார்கள். பிரிந்து போனால் பாஸ்பேட் வருமானத்தில் பங்கு கிடையாது, ஒரு கப்பல்தான் கிடைக்கும் என்று நிபந்தனை போட்டார்கள். 1974-ல் வாக்கெடுப்பு நடந்தது. நூற்றுக்குத் தொண்ணூறு பேருக்கு மேல் 'பிரிகிறோம்' என்றே சொன்னார்கள்! 1978 அக்டோபர் 1-ந் தேதி சுதந்திரம் வந்தது.

சுதந்திரம் வந்தது சரி, அடுப்பு எரிய வேண்டாமா? விளைவதோ தென்னையும் ஒருவகைச் சேம்பும். வருஷா வருஷம் பட்ஜெட்டில் விழுந்த துண்டைப் பிரிட்டிஷ் உதவிதான் அடைத்தது. எத்தனை நாள் கையேந்துவது? 1987-ல் ஒரு யுக்தி செய்தார்கள். ஆஸ்திரேலியா, நியூஸிலாந்து, பிரிட்டன் ஆகிய நாடுகளிடம் உதவியை மொத்தமாக வாங்கி, தங்கள் பங்கையும் போட்டு, சுமார் 2 கோடியே 70 லட்சம் ஆஸ்திரேலிய டாலரில் ஒரு நிதி வைத்தார்கள். விலைவாசி ஏறுகிற அளவுக்கு முதலோடு சேர்த்துவிட்டு, மிஞ்சுவதைத்தான் செலவுக்கு எடுக்கலாம். சீராக வந்த பணத்தைத் தொடாமல், வட்டியிலேயே மளிகைக் கணக்கைச் சரிக்கட்டும் கெட்டிக்கார இல்லத்தரசியின் கணக்கல்லவா இது!

ஆனால், சமுத்திரத்துக்குக் கணக்குத் தெரியாதே! தீவுகளில் எங்குமே ஐந்து மீட்டர் உயரம் கிடையாது. கடல் மட்டமோ ஏறிக்கொண்டிருக்கிறது. 2023 நவம்பரில் ஆஸ்திரேலியாவோடு ஓர் ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. 2024-ல் அமலுக்கு வந்தது. 'ஃபலேபிலி' என்று அதற்குப் பெயர். அடுத்த வீட்டையும் தன் வீடாகப் பார்த்துக்கொள்ளும் நல்ல அண்டை உறவு என்று பொருள். வருஷத்துக்கு 280 பேர் ஆஸ்திரேலியாவில் குடியேறலாம். கடல் எவ்வளவு ஏறினாலும் துவாலு ஒரு தேசமாகவே மதிக்கப்படும். ஆபத்தில் ஆஸ்திரேலியா கைகொடுக்கும். பதிலுக்கு, பாதுகாப்பு விஷயத்தில் வேறு நாட்டோடு கைகோக்க வேண்டுமானால் ஆஸ்திரேலியாவும் சம்மதிக்க வேண்டும்.

2025-ல் நடந்த முதல் சீட்டுக் குலுக்கலுக்கு, குடும்பத்தாரையும் சேர்த்து 8,750 பேர் பெயர் கொடுத்தார்கள்.

வெள்ளம் வரும்போது அண்டை வீட்டார் கதவைத் திறந்து வைப்பது பெரிய உபகாரந்தான். அதற்காக, நம் வீட்டுக்கு யார் வரலாம் என்பதில் அவருக்கும் ஒரு வார்த்தை உண்டென்றால், மனம் கொஞ்சம் உறுத்தாதா? ஒரு வருஷம் முன்னதாக அறிவித்துவிட்டு விலகிக்கொள்ள ஒப்பந்தத்தில் இடம் இருக்கிறது. ஒரு கப்பலோடு பிரிந்து வந்தவர்கள் அந்த வரியையும் பத்திரமாகவே வைத்திருப்பார்கள்.